ஜப்பானிய ஓவியர் ஹிரோஷிகேயின் மழை ஓவியத்தில் அத்தனை மெல்லிய கோடுகளை மரத்தில் எப்படிச் செதுக்கினார்?

முதலில் ஒரு திருத்தம்: ஹிரோஷிகே செதுக்கவே இல்லை. அவர் வரைந்து கொடுத்தார். செதுக்கியவர் வேறு, அச்சிட்டவர் வேறு, பணம் போட்டு விற்ற பதிப்பாளர் வேறு. நீங்கள் கேட்கும் படம், எடோ (இன்றைய டோக்கியோ) நகரின் பாலத்தில் திடீர் மழை கொட்டும் 1857ஆம் ஆண்டு மரப்பலகை அச்சு.

மெல்லிய தாளில் வரைந்த ஓவியத்தைச் செர்ரி மரப்பலகையில் கவிழ்த்து ஒட்டுவார்கள். கோட்டைக் குடைவதில்லை, கோட்டின் இருபுறமும் உள்ள மரத்தை அகற்றி, கோட்டை மட்டும் மேடாக நிற்க விடுவார்கள். அந்த மழைக்கோடுகள் ஒவ்வொன்றும் முடி கனத்தில் நிற்கும் மரம்தான்! ஓவியரின் மூலப்படமோ செதுக்கும்போதே அழிந்துவிடும். இந்தப் படத்தில் மழைக்கு மட்டும் இரண்டு பலகைகள். கோணம் சற்றே மாறுவதால்தான் சாரலுக்கு அந்த ஆழம்.

ஒவ்வொரு நிறத்துக்கும் தனிப் பலகை. தாள் நகராமலிருக்கப் பலகையின் ஓரத்தில் 'கென்டோ' என்னும் அடையாள வெட்டு உண்டு. மேலே கருமேகம் கரைந்து இறங்குவது 'பொகாஷி': பலகையில் ஈரத்தோடு மையைத் துடைத்து நிறத்தைப் படிப்படியாக மங்கவைப்பது. என்னைக் கேட்டால் படத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது, அதுவோ அச்சிடுபவரின் கைவேலை.

1887இல் பாரிஸில் டச்சு ஓவியர் வான்கோ இந்த அச்சைப் பார்த்து எண்ணெய் வண்ணத்தில் வரைந்தார். பொருள் தெரியாமலே ஜப்பானிய எழுத்துகளைச் சட்டமாகச் சுற்றிலும் எழுதி வைத்தார். நிறங்களை அடர்த்தியாக்கினார், மழை மட்டும் அவரிடம் கொஞ்சம் தடித்துப்போனது.