சத்தம் கேட்கிறது, சொல் பிடிபடவில்லை

டர்பன் அருகே சாட்ஸ்வர்த்திலிருந்து ஒருவர் கேட்டிருக்கிறார்: "அம்மாவுக்கு 76 வயது. இரண்டு காதிலும் மெஷின். வீட்டில் பேசினால் நன்றாகக் கேட்கிறது. கோயில் மண்டபத்தில் சொற்பொழிவு நடந்தால் ஒன்றுமே புரியவில்லை என்கிறார். புது மெஷின் வாங்கவா? கோயில் கமிட்டியில் லூப் போடலாம் என்கிறார்கள். அது உதவுமா?"

புது மெஷினுக்கு இப்போதே பணம் கட்டிவிடாதீர்கள். வீட்டில் நன்றாகக் கேட்கிறது என்றால் மண்டபத்தில் தூரம்தான் தொந்தரவு. காது மெஷினின் மைக் ஒன்றிரண்டு மீட்டருக்குள் பேசுகிறவரின் குரலை நன்றாகப் பிடிக்கும். மண்டபத்திலோ ஸ்பீக்கரில் வரும் குரல் சுவரிலும் கூரையிலும் மோதி எதிரொலிக்கிறது. மணியோசையும் பிள்ளைகளின் கூச்சலும் அதோடு கலக்கின்றன. மெஷின் எல்லாவற்றையும் சேர்த்தே பெரிதாக்கித் தருகிறது. ஸ்பீக்கர் சத்தத்தைக் கூட்டினால் இன்னும் மோசம்தான்.

லூப் என்பது மண்டபத்தைச் சுற்றி ஓடும் ஒரு கம்பி. மைக்கில் பேசுவதை ஒரு தனி ஆம்ப்ளிஃபயர் அந்தக் கம்பியில் மின்னோட்டமாக அனுப்ப, கம்பி வளையத்துக்குள் காந்தப்புலம் உண்டாகிறது. காது மெஷினுக்குள் டி-காயில் என்ற சின்னச் செம்புச் சுருள் இருந்தால், அது அந்தப் புலத்தைப் பிடித்துக் குரலாக்கிவிடும். பேச்சாளர் அம்மாவின் காதருகே உட்கார்ந்து பேசுவது போல இருக்கும். 1937-லேயே பிரிட்டனில் காப்புரிமை பெற்ற உத்தி இது. இன்றும் இதை நான் தயங்காமல் சொல்வேன்.

சரி, அம்மாவின் மெஷினில் டி-காயில் இருக்கிறதா? காதுக்குப் பின்னால் மாட்டுவதில் பெரும்பாலும் இருக்கும். காதுக்குள் மறையும் சின்ன வகையிலும், சார்ஜ் போடும் சில மாடல்களிலும் இருக்காது. இருந்தும் ஆன் செய்யாமலே பலரிடம் தூங்குகிறது, அதுதான் எனக்கு வருத்தம். காதைச் சோதித்து மெஷினைச் சரிசெய்து தரும் ஆடியாலஜிஸ்டிடம் "டி", "எம்டி" என்று இரண்டு புரோகிராம் வைத்துத் தரச் சொல்லுங்கள். டி-யில் லூப் குரல் மட்டும் வரும், எம்டி-யில் பக்கத்தில் இருப்பவர் பேச்சும் சேர்ந்து கேட்கும். சொற்பொழிவுக்கு டி போதும். டி-யில் வைத்துப் பழைய சோக் வைத்த டியூப் லைட் அருகே போனால் 'ம்ம்' என்று இரைந்தால், சுருள் வேலை செய்கிறது என்று அர்த்தம்.

டி-காயில் இல்லாவிட்டால், லூப் குரலை ஹெட்போனில் தரும் கையடக்க ரிசீவர் உண்டு. புளூடூத்தில் ஒரே ஒலிபரப்பைப் பலர் கேட்கும் ஆராகாஸ்ட் 2022-ல் அறிவிக்கப்பட்டது. அதற்கு அம்மாவின் மெஷினும் அதை ஏற்கிற மாடலாக இருக்க வேண்டும்.

கமிட்டிக்கு ஒரு வார்த்தை. சாதாரண ஸ்பீக்கர் ஆம்ப்ளிஃபயரில் கம்பியை மாட்டிவிடாதீர்கள். லூப்புக்கென்றே செய்ததை வாங்குங்கள். தரை கான்கிரீட்டுக்குள் இரும்புக் கம்பி நிறைய இருந்தால் புலம் பலவீனமாகும், கம்பி போடும் முறையே மாறும். லூப்புக்கான சர்வதேசத் தரமான ஐஇசி 60118-4-இன்படி அளந்து காட்டுகிறவரிடம் வேலையைக் கொடுங்கள். அம்மாவைக் கம்பிக்கு நேர் மேலே உட்கார வைக்காமல், சற்று உள்ளே தள்ளி உட்கார வையுங்கள். குனிந்து கும்பிடும்போது சுருள் சாய்வதால் குரல் மங்கும். நிமிர்ந்தால் வந்துவிடும், பயப்பட வேண்டாம்.

கம்பியைப் பதிப்பதற்கு முன் டேப் போட்டு ஒட்டி, சீரியல் விளக்கு, டிம்மர் எல்லாம் எரிய, ஒரு வெள்ளிக்கிழமை பூஜையில் அம்மாவை வைத்துச் சோதியுங்கள். இரைச்சல் எங்கிருந்து வருகிறது என்று அவரே சொல்லிவிடுவார். அப்புறம் வாசலில் காதுப் படமும் டி எழுத்தும் போட்ட பலகை ஒன்று வையுங்கள். பின்வரிசையில் ஒன்றும் புரியாமல் உட்கார்ந்திருக்கும் தாத்தாவுக்கும் தெரியட்டும்.