சீன நடிகர்களில் உங்களுக்கு மிகவும் பிடித்த மூத்த நடிகர் யார், ஏன்?

கெ யோவ். யோசிக்காமல் இந்தப் பெயரைத்தான் சொல்வேன். பயந்த மனிதனை இவர் அளவுக்கு உண்மையாக நடித்தவரை நான் பார்த்ததில்லை.

1957இல் பெய்ஜிங்கில் பிறந்தவர். அப்பாவும் நடிகர், போர்ப் படங்களில் ஜப்பானிய ராணுவ அதிகாரியாக வந்து மிரட்டியவர். ஆனால் மகனுக்கு அதனால் எந்த வழியும் சுலபமாகத் திறந்துவிடவில்லை. கலாச்சாரப் புரட்சிக் காலத்தில் நகரத்துப் பிள்ளைகளைக் கிராமங்களுக்கு அனுப்பினார்களே, அதில் இவரும் போனார். கிடைத்தது பன்றி மேய்க்கும் வேலை. திரும்பி வந்த பிறகு நடிப்புப் பள்ளிகளும் எடுத்துக்கொள்ளவில்லை. அப்புறம் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் கலைக்குழு நடத்திய தேர்வில், பன்றிக்குத் தீனி வைப்பதையே நடித்துக் காட்டி இடம் பிடித்தார்.

ஜாங் யிமோ இயக்கிய 'டு லிவ்' (1994) படத்தில் இவர் ஃபூகுவெய். சூதாட்டத்தில் பரம்பரை வீட்டையே தோற்றவன். ஜெயித்து வீட்டை வாங்கிக்கொண்டவனுக்கு, கம்யூனிஸ்ட் புரட்சிக்குப் பிறகு, வீட்டை அரசிடம் விட மறுத்துத் தீ வைத்ததற்காக மரண தண்டனை. அந்தத் துப்பாக்கிச் சத்தம் ஃபூகுவெய் காதில் விழுகிறது. ஐந்து குண்டுகள். விழுந்தடித்து வீட்டுக்கு ஓடி வந்து மனைவியிடம் சொல்கிறான்: வீடு கைவிட்டுப் போகாமல் இருந்திருந்தால் சுடப்பட்டிருப்பது நான்தான் என்று. உயிர் பிழைத்த நிம்மதி, செத்தவனை நினைத்து நடுக்கம், இரண்டும் ஒரே முகத்தில். வேறு யாராவது என்றால் கதறித் தீர்த்திருப்பார்கள். இவர் குரலை அடக்கி, அக்கம்பக்கத்தில் யாருக்கும் கேட்டுவிடக் கூடாதே என்பதுபோல் பேசுகிறார். அந்தக் காலத்தின் பயம் முழுக்க அந்தக் குரலில் இருக்கிறது.

அந்தப் படத்துக்காகக் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றார். அந்த விருதைப் பெற்ற முதல் சீன நடிகர் இவர்தான். படத்தைச் சீன அரசு திரையிடவே விடவில்லை. சொந்த நாட்டுத் தியேட்டரில் ஓடாத படத்துக்கு உலக விருது! நினைத்தால் இன்றும் மனசு கனக்கிறது.

சரி, சீன மக்கள் இவரைக் கொண்டாடுவது எதற்காக? நகைச்சுவைக்காக. 1997இல் இயக்குநர் ஃபெங் ஷியாவ்காங்குடன் சேர்ந்து செய்த படத்தில் இருந்து, புத்தாண்டுக்குக் கெ யோவ் படம் என்பது நம் ஊர் தீபாவளி ரிலீஸ் மாதிரி ஆகிவிட்டது. மொட்டைத் தலை, தூங்கி வழியும் கண்கள், அவசரமே இல்லாத பேச்சு. பழைய டிவி தொடர் ஒன்றில் சோஃபாவில் இவர் சரிந்து கிடந்த காட்சி, இருபது வருஷத்துக்கும் மேல் கழித்து 2016இல் சீன இணையம் முழுக்க மீம் ஆனது. சிரிக்க வைப்பதை இரண்டாந்தரமாகப் பார்ப்பவர்கள் இங்கேயும் உண்டு. நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். ஃபூகுவெய்யின் அதே அடக்கம்தான் அங்கே சிரிப்பாக மாறுகிறது.

புதிதாகப் பார்ப்பவர்கள் 'லெட் த புல்லட்ஸ் ஃப்ளை' (2010) படத்தில் தொடங்கலாம். காசு கொடுத்துப் பதவி வாங்கிய போலி அதிகாரியாக, உயிருக்குப் பயந்து நொடிக்கு நொடி பேச்சை மாற்றுகிறார். 'டு லிவ்' படத்தை அவசரமில்லாத ஒரு நாளில், ஒரே மூச்சில் பாருங்கள்.