கேம் எங்கே உட்கார்ந்திருக்கிறது?

கோத்தகிரிக்குப் பக்கத்தில் உள்ள ஒரு ஹட்டியிலிருந்து (மலைக் கிராமம்) ஒரு வாசகி எழுதியிருக்கிறார்:

"சார், சின்னவன் பதினொன்றாம் வகுப்பு படிக்கிறான். வீட்டுக் கம்ப்யூட்டரில் சி டிரைவ் நிறைந்து சிவப்புக் கோடு காட்டுகிறது. டி டிரைவ் பெரியது, சும்மா கிடக்கிறது. கேம்களை அழித்துவிட்டு டி-யில் புதிதாகப் போடலாம் என்றால், எங்கள் லைனில் ஒரு பெரிய கேம் இறங்க ஒரு நாள் முழுக்க ஆகிவிடும். இருக்கிறதையே நகர்த்தலாம் என்று தேடினேன். புரோகிராம் ஃபைல்ஸில் சில கேம் இருக்கிறது, சிலது எங்கே என்றே தெரியவில்லை. எப்படிக் கண்டுபிடிப்பது? பெரியவன் கோவையில் ஹாஸ்டலில் இருக்கிறான். அங்கே நெட் வேகம். அவனை ஹார்ட் டிஸ்கில் கேமைப் போட்டுக்கொண்டு வரச் சொல்லலாமா? சின்னவன் எதையும் தொட விடமாட்டேன் என்கிறான். மூன்று வருடமாகக் கட்டிய மைன்கிராஃப்ட் உலகம் போய்விடுமாம்."

முதலில் சின்னவன் சொல்வதைக் கேளுங்கள். அவன் பயத்தில் நியாயம் இருக்கிறது.

ஒரு கேம் கம்ப்யூட்டரில் ஒரே இடத்தில் இருப்பதில்லை. கேமின் உடம்பு ஓரிடத்தில் இருக்கும். படங்கள், ஒலி, ஓடவைக்கும் ஃபைல் எல்லாம் சேர்ந்து 20 ஜிபி, 70 ஜிபி, 100 ஜிபி என்று இடத்தை அடைப்பது இதுதான். ஆடியவன் எங்கே நிறுத்தினான், என்ன சேர்த்தான், என்ன கட்டினான் என்ற கணக்கு வேறோர் இடத்தில் இருக்கும். சேவ் என்பது இதைத்தான். பெரும்பாலும் சில எம்பிதான் வரும். உடம்பு போனால் நேரமும் டேட்டாவும் செலவழித்துத் திரும்ப வாங்கிவிடலாம். சேவ் போனால் போனதுதான்.

இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். குன்னூரில் கம்ப்யூட்டர் சர்வீஸ் பார்க்க ஆரம்பித்த புதிதில், என் அக்கா மகனின் கம்ப்யூட்டரை ஃபார்மட் செய்து கொடுத்தேன். கேம் ஃபோல்டர்களையெல்லாம் கவனமாகக் காப்பி எடுத்துவைத்திருந்தேன். திரும்பப் போட்டதும் எல்லாக் கேமும் ஓடியது, எல்லாம் முதல் கட்டத்திலிருந்து. சேவ் வேறு ஃபோல்டரில் இருக்கும் என்று அன்றைக்கு எனக்குத் தெரியாது. அவன் ஒன்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் திரையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு எழுந்து போனான். அது இன்னும் என் கண்ணில் நிற்கிறது. அதனால் சேவை எடுத்துவைக்காமல் உடம்பைத் தொடாதீர்கள் என்று வருகிற எல்லோரிடமும் சொல்கிறேன்.

சரி, அந்த மைன்கிராஃப்ட் உலகத்திலிருந்தே தொடங்குவோம். விண்டோஸ் கீயையும் ஆர் கீயையும் சேர்த்து அழுத்தினால் ஒரு சின்னப் பெட்டி திறக்கும். அதில் முதலில் சதவீதக் குறி, அடுத்து ஆப்டேட்டா என்று ஆங்கிலத்தில் ஒரே சொல்லாக, கடைசியில் மீண்டும் சதவீதக் குறி, நடுவில் இடைவெளி விடாமல் அடித்து என்டர் தட்டுங்கள். திறக்கும் ஃபோல்டருக்குள் புள்ளியில் தொடங்கும் பெயருடன் ஒரு மைன்கிராஃப்ட் ஃபோல்டர் இருக்கும். அதற்குள் 'சேவ்ஸ்'. பையன் கட்டிய ஒவ்வொரு உலகமும் அங்கே தனித்தனி ஃபோல்டராக இருக்கும். கேமை மூடிவிட்டு, 'சேவ்ஸ்' ஃபோல்டரை அப்படியே டி டிரைவுக்கு ஒரு காப்பி, பென் டிரைவுக்கு ஒரு காப்பி எடுத்துவிடுங்கள். மைன்கிராஃப்டில் ஜாவா, பெட்ராக் என்று இரண்டு பதிப்பு உண்டு. இது ஜாவா பதிப்புக்குச் சொன்னது. பெட்ராக் பதிப்பாக இருந்தால் ஃபோல்டரைத் தேடி அலைய வேண்டாம். உலகத்தின் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் பென்சில் படத்தைத் தொட்டு, கீழே போனால் 'எக்ஸ்போர்ட் வேர்ல்ட்' பட்டன் இருக்கிறது. அது முழு உலகத்தையும் ஒரே ஃபைலாக்கிக் கொடுத்துவிடும்.

நீங்கள் தேடியபோது இந்த ஆப்டேட்டா ஃபோல்டர் கண்ணில் பட்டிருக்காது. விண்டோஸ் அதை மறைத்தே வைத்திருக்கும். மற்ற கேம்களின் சேவும் பெரும்பாலும் இதற்குள்தான் எங்காவது இருக்கும், ரோமிங், லோக்கல், லோக்கல்லோ என்ற மூன்று உள்ஃபோல்டர்களில் ஒன்றில். இல்லாவிட்டால் டாக்குமென்ட்ஸுக்குள் 'மை கேம்ஸ்', அல்லது பயனர் பெயர் ஃபோல்டருக்குள் 'சேவ்ட் கேம்ஸ்'. இவற்றையும் ஒரு காப்பி எடுத்துவைத்துவிட்டால் நிம்மதி. கேம் வாங்கி இறக்கித் தரும் ஸ்டீம் ஆப், பல கேம்களின் சேவைத் தன் சர்வரிலும் வைத்துக்கொள்கிறது, ஆனால் எல்லாக் கேமுக்கும் அந்த வசதி இல்லை. அதை மட்டும் நம்பி இறங்காதீர்கள்.

இனி உடம்பைத் தேடலாம். எல்லோரும் முதலில் டெஸ்க்டாப் ஷார்ட்கட்டை ரைட் கிளிக் செய்து 'ஓபன் ஃபைல் லொகேஷன்' பார்ப்பார்கள். தனியாக இன்ஸ்டால் செய்த கேமுக்கு அது சரியாக வரும். ஸ்டீம், எபிக் போன்ற லாஞ்சர்கள் (கேமை இறக்கி ஓட்டித்தரும் ஆப்கள்) போடுகிற ஷார்ட்கட்டில் வராது. அது கேம் ஃபைலைக் காட்டும் ஷார்ட்கட்டே இல்லை. 'இந்தக் கேமை ஓட்டு' என்று லாஞ்சருக்குச் சொல்லும் ஒரு முகவரி, அவ்வளவுதான். உங்களுக்குப் பாதிக் கேம் அகப்படாமல் போனதற்கு இதுவும் காரணமாக இருக்கலாம்.

எந்த லாஞ்சராக இருந்தாலும் பலிக்கும் வழி ஒன்று இருக்கிறது. கேமை ஓடவிட்டு, கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். அதில் கேமின் பெயரை ரைட் கிளிக் செய்து 'ஓபன் ஃபைல் லொகேஷன்' கொடுங்கள். ஓடிக்கொண்டிருக்கும் ஃபைல் இருக்கும் ஃபோல்டரே திறந்துவிடும். பையன் ஆடும்போது பக்கத்தில் உட்கார்ந்து ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். எது எவ்வளவு இடம் அடைக்கிறது என்று பார்க்க செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதி போதும்.

வழக்கமான இடங்களையும் சொல்லிவிடுகிறேன். ஸ்டீம் என்றால் சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ் என்று இரண்டு ஃபோல்டர் இருக்கும், அதில் பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் எக்ஸ்86 என்று போட்டிருப்பது. அதற்குள் ஸ்டீம், அதற்குள் ஸ்டீம்ஆப்ஸ், அதற்குள் காமன். நீங்கள் எக்ஸ்86 போடாத ஃபோல்டரில் மட்டும் பார்த்திருந்தாலும் பாதிக் கேம்தான் தெரிந்திருக்கும். எபிக் கேம்ஸ் அந்த எக்ஸ்86 இல்லாத புரோகிராம் ஃபைல்ஸில்தான் இருக்கும். வாலரன்ட் ஆடுகிறவன் என்றால் சி டிரைவைத் திறந்ததுமே 'ரயட் கேம்ஸ்' தெரியும். எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் போட்டவை பெரும்பாலும் 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' ஃபோல்டரில் இருக்கும். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து வந்த சிலது 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற பூட்டிய ஃபோல்டரில் இருக்கும். அந்தப் பூட்டை உடைக்க யூடியூபில் வழி சொல்வார்கள். செய்யாதீர்கள், மற்ற ஆப்களும் படுத்துவிடும். செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலுக்குப் போய், அந்தக் கேமின் பக்கத்திலுள்ள மூன்று புள்ளியைத் தொட்டு 'மூவ்' கொடுத்தால் விண்டோஸே டி-க்கு மாற்றித்தரும்.

இடம் தெரிந்ததும் கை துறுதுறுக்கும், கட் செய்து டி-யில் பேஸ்ட் பண்ணிவிடலாமே என்று. ஸ்டீம் விஷயத்தில் அது வேண்டாம். ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டரில் ஒவ்வொரு கேமுக்கும் 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கும் ஒரு குட்டி ஃபைல் இருக்கிறது. கேம் இருக்கிறதா, எந்த ஃபோல்டர், எந்தப் பதிப்பு என்பதெல்லாம் அதில்தான். கேமை மட்டும் தூக்கிக்கொண்டு போனால், வீடு மாறிவிட்டு ரேஷன் கார்டில் முகவரி மாற்றாத கதைதான். சாமான் புது வீட்டில் இருக்கும், அரிசி பழைய கடையில் கிடக்கும்.

ஸ்டீமிடமே சொல்லுங்கள். செட்டிங்ஸில் ஸ்டோரேஜுக்குப் போய் டி டிரைவைச் சேர்க்க வேண்டும். அப்புறம் லைப்ரரியில் கேமை ரைட் கிளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸ், அதில் 'இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ்', அதில் 'மூவ் இன்ஸ்டால் ஃபோல்டர்'. டி-யைத் தேர்ந்தெடுத்துவிட்டு விட்டுவிடுங்கள். டேட்டா செலவாகாது. ஒரு கேமை முடித்து, ஓட்டிப் பார்த்துவிட்டு அடுத்ததைத் தொடுங்கள்.

எபிக்கில், கேமின் மூன்று புள்ளிக்குள் மேனேஜ் பகுதியில் 'மூவ்' இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். இல்லையென்றால் கொஞ்சம் சுற்று வழி. கேம் ஃபோல்டரை வேறு பெயரில் டி-க்குக் காப்பி செய்யுங்கள். முழுதாக வந்துவிட்டதா என்று அளவை ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு, லாஞ்சரில் அன்இன்ஸ்டால் செய்யுங்கள். மறுபடி இன்ஸ்டால் கொடுத்து, இடமாக டி-யைக் காட்டி, 2 அல்லது 3 சதவீதம் ஆனதும் நிறுத்தி லாஞ்சரை மூடிவிடுங்கள். இப்போது டி-யில் புதிதாக முளைத்த ஃபோல்டருக்குள், எடுத்துவைத்த காப்பியின் உள்ளே இருப்பதையெல்லாம் போடுங்கள். லாஞ்சரைத் திறந்து தொடரச் சொன்னால், இருக்கிற ஃபைல்களைச் சரிபார்த்து, குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும்.

நம் ஊரில் இதைச் செய்ய நாளும் பார்க்க வேண்டும். ஐப்பசி, கார்த்திகை மழையில் கோத்தகிரிப் பக்கம் மரம் விழுந்து கரண்ட் போவது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. நகர்த்தும்போது பாதியில் கரண்ட் போனால் கேம் உடையும். யுபிஎஸ் இல்லையென்றால் வெயில் அடிக்கிற ஒரு காலை நேரத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அப்படியும் உடைந்தால், ஸ்டீமில் அதே 'இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ்' பகுதியில் 'வெரிஃபை' இருக்கிறது. கெட்ட ஃபைலை மட்டும் திரும்ப இறக்கும்.

பெரியவன் கொண்டுவரும் யோசனை ரொம்ப நல்லது. மலையில் இருக்கிறவர்களுக்கு நான் முதலில் சொல்வதே இதுதான். கணக்குப் பாருங்கள். உங்கள் லைன் நொடிக்கு 8 மெகாபிட் தருகிறது என்று வைத்துக்கொள்வோம். 8 பிட் சேர்ந்தால் 1 பைட், அதாவது நொடிக்கு 1 எம்பி. 70 ஜிபி கேமுக்கு 70,000 நொடி, 19 மணி நேரத்துக்கு மேல். அதே கேம் யுஎஸ்பி 3 ஹார்ட் டிஸ்கிலிருந்து அரை மணி நேரத்துக்குள் ஏறிவிடும்.

செய்யும் விதம் முக்கியம். ஸ்டீம் கேம் என்றால், பெரியவன் தன் லேப்டாப்பில் தம்பியின் கணக்கில் நுழைந்து இறக்கிக்கொள்ளட்டும். தன் லேப்டாப்பில் மட்டும்தான், ஹாஸ்டலில் பொதுவாக வைத்திருக்கும் கம்ப்யூட்டரில் வேண்டாம். காமன் ஃபோல்டருக்குள் அந்தக் கேமின் பெயரில் இருக்கும் ஃபோல்டரை ஹார்ட் டிஸ்கில் காப்பி செய்ய வேண்டும். வீட்டில் டி டிரைவின் ஸ்டீம் லைப்ரரியில் இருக்கும் காமன் ஃபோல்டருக்குள் பெயர் மாற்றாமல் அதைப் போட்டுவிட்டு, அதற்குப் பிறகுதான் இன்ஸ்டால் அழுத்த வேண்டும், இடமாக டி-யைக் காட்டி. ஸ்டீம் ஃபைல்கள் ஏற்கெனவே இருப்பதைக் கண்டுபிடித்துச் சரிபார்க்கும். முதலில் இன்ஸ்டால் அழுத்திவிட்டால் டவுன்லோட் தொடங்கிவிடும். கேம் அந்தக் கணக்கில் வாங்கியதாகவோ இலவசமாகவோ இருந்தால்தான் இது நடக்கும்.

ஹார்ட் டிஸ்க் ஃபேட்32 முறையில் ஃபார்மட் ஆகியிருந்தால் 4 ஜிபி-க்கு மேற்பட்ட ஒரே ஃபைலை அது ஏற்காது. கேமைக் காப்பி செய்யும் முன்பே எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் ஆக மாற்றிக்கொள்ளச் சொல்லுங்கள். மேட்டுப்பாளையத்திலிருந்து மேலே வரும்போது பனி, தூறல் எல்லாம் இருக்கும், மூடி இறுகிய டப்பாவில் போட்டு எடுத்துவரட்டும்.

அவன் லேப்டாப்போடு வருகிறான் என்றால் ஹார்ட் டிஸ்கும் தேவையில்லை. 2023 முதல் ஸ்டீமில், ஒரே வைஃபையில் இருக்கும் இரண்டு கம்ப்யூட்டர்கள் கேமைத் தங்களுக்குள் மாற்றிக்கொள்ள முடியும். டவுன்லோட்ஸ் செட்டிங்ஸில் அதை இயக்கிவிட்டால், தம்பி இன்ஸ்டால் அழுத்தும்போது வெளியிலிருந்து இறக்காமல் அண்ணன் லேப்டாப்பிலிருந்து எடுத்துக்கொள்ளும். ரூட்டரில் இருவருக்கும் கேபிள் போட்டால் இன்னும் வேகம்.

எல்லாவற்றையும் டி-க்கு அனுப்பிவிடவும் வேண்டாம். உங்கள் சி டிரைவ் சுழலும் பாகம் இல்லாத வேகமான எஸ்எஸ்டி-யாகவும் டி பழைய வகைச் சுழலும் டிஸ்காகவும் இருக்கலாம். டாஸ்க் மேனேஜரில் 'பெர்ஃபார்மன்ஸ்' பகுதியில் எது எது என்று போட்டிருக்கும். சுழலும் டிஸ்கில் கேம் திறக்க நேரமாகும், எஸ்எஸ்டி கட்டாயம் என்று கேட்கும் புதிய கேம்களும் உண்டு. சின்னவன் தினமும் ஆடும் ஒன்றிரண்டை சி-யிலேயே விட்டுவிட்டு, எப்போதாவது தொடுவதை மாற்றுங்கள். எது எது என்று அவனையே கேளுங்கள். விண்டோஸ் மூச்சுவிட சி-யில் ஒரு 30, 40 ஜிபி காலியாக இருந்தால் போதும். அந்த அளவு கிடைத்ததும் நிறுத்திக்கொள்ளலாம்.