இரவில் உள்ளே போய் உட்காரும் போலீஸ்

வணக்கம் ஐயா,

அமெரிக்காவும் ஐரோப்பாவும் மேற்குக் கரையின் ஒரு பகுதியை நடத்தும் பாலஸ்தீன நிர்வாகத்தின் போலீஸுக்கு இருபது வருடமாகப் பயிற்சி கொடுக்கின்றன. இப்போது காஸாவுக்கு என்று எகிப்தும் கொடுக்கிறது. பிறகும் ஏன் ஒழுங்கு வரவில்லை? பயிற்சி போதவில்லையா, இல்லை அந்த போலீஸே காசுக்கு விலைபோன துரோகிகளா? இதைப் பற்றி ஒரு நல்ல புத்தகமும் சொல்லுங்கள்.

செந்தில்நாதன், ஓசூர்

அன்புள்ள செந்தில்நாதன்,

புத்தகம் கேட்டு வரும் கடிதங்களுக்கு நான் பொதுவாகப் பதில் போடுவதில்லை. உங்களுடையது வந்த வாரம் பார்த்து சார்லஸ் டெகார்ட் பற்றிய குறிப்புகளை மேஜையில் பரப்பி வைத்திருந்தேன், அதனால் தப்பித்தீர்கள்.

டெகார்ட் கல்கத்தாவின் போலீஸ் கமிஷனர். 1915ல் பாலசோரில் வங்கப் புரட்சியாளர் பாகா ஜதீனைச் சுற்றி வளைத்த படையில் இருந்தவர். 1930ல் அவர் கார் மேல் வங்க இளைஞர்கள் குண்டு வீசினார்கள், பிழைத்துக்கொண்டார். 1936ல் பாலஸ்தீன அரபுகள் கிளர்ந்தெழுந்தார்கள், 1937 கடைசியில் பிரிட்டிஷ் அரசு இந்த வங்காள அனுபவசாலியை அங்கே வரவழைத்தது. அவர் சொன்ன யோசனைப்படி நாடு முழுக்கக் கான்கிரீட் போலீஸ் கோட்டைகள் எழுந்தன. கெட்டிச் சுவர், காவல் கோபுரம். ஊரைக் காக்கக் கட்டியதல்ல, ஊரிடமிருந்து போலீஸைக் காக்கக் கட்டியது. ரமல்லாவில் பாலஸ்தீன நிர்வாகத்தின் தலைமையகத்தை முகாத்தா என்கிறார்களே, அதுவும் அந்த வரிசையில் வந்ததுதான். பிரிட்டிஷார் போனதும் ஜோர்டான், அப்புறம் இஸ்ரேல் ராணுவ நிர்வாகம், அப்புறம் பாலஸ்தீனத் தலைவர் அரஃபாத். 2002ல் இஸ்ரேலிய டாங்கிகள் முற்றுகையிட்டு இடித்ததும் அதே வளாகத்தைத்தான். அரஃபாத்தின் சமாதியும் இன்று அங்கேயே இருக்கிறது. எத்தனை முறை ஆள் மாறினாலும் ஊரைப் பார்த்த அந்தச் சுவர் திரும்பி நிற்கவில்லை.

சரி, பயிற்சிக்கு வருகிறேன். 2005ல் அமெரிக்கா ஒரு ஜெனரலைப் பாதுகாப்பு ஒருங்கிணைப்பாளராக அனுப்பியது. அவருக்கு அடுத்து வந்த கீத் டேட்டன் காலத்தில்தான் வேலை சூடுபிடித்தது. இராக் போலீஸுக்கு என்று அம்மான் பக்கத்தில் கட்டிய பயிற்சி மையத்துக்கு, 2008 முதல் ஐந்நூறு ஐந்நூறு பேராகப் பாலஸ்தீனப் பையன்கள் போனார்கள். யார் போகலாம் என்பதை இஸ்ரேலின் உளவுத்துறையும் சலித்துப் பார்த்தது. ரமல்லாவில் 2006 முதல் இருக்கும் ஐரோப்பியக் குழு சாதாரண போலீஸுக்கு விசாரணை, வழக்கு நடத்துவது போன்றவற்றைச் சொல்லித்தருகிறது. அதில் எனக்குப் பெரிய புகார் இல்லை. எகிப்து விஷயத்தை இப்போதைக்கு விடுங்கள், பயிற்சி முடித்தவன் போய் நிற்பதற்கு காஸாவில் முதலில் தெரு வேண்டும்.

நான் ஷார்ஜாவில் கணக்கெழுதிக்கொண்டிருந்தபோது பக்கத்து மேஜையில் மேற்குக் கரையின் நாப்லஸ்காரர் ஒருவர் இருந்தார். என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவர். தேநீரில் மரமியா இலை போடாமல் குடிக்கமாட்டார், எனக்கும் போட்டுத் தருவார். கசக்கும், ஆனால் பழகிவிட்டேன். அவருடைய தம்பி மகன் அந்த முதல் வருடங்களிலேயே ஜோர்டானுக்குப் போய்ப் பயிற்சி முடித்துத் திரும்பினான். புது யூனிஃபார்மில் எடுத்த படத்தை அலுவலகம் முழுக்கக் காட்டினார். எட்டு மாதம் கழித்து ஒரு நாள் தானாகவே சொன்னார்: ராத்திரி ஒரு மணி, ரெண்டு மணிக்கு ஸ்டேஷனுக்கு போன் வருமாம், இஸ்ரேல் ராணுவம் உள்ளே வருகிறது, உங்கள் ஆட்களைத் தெருவிலிருந்து எடுங்கள் என்று. பையன்கள் உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். வெளியே ஜீப் சத்தம், ஒரு வீட்டுக் கதவு உடையும் சத்தம், பெண்கள் கத்துவது. எல்லாம் அடங்கி இன்னொரு போன் வந்ததும் திரும்பத் தெருவுக்கு. "அந்த வீட்டம்மா காலையில் ரொட்டிக் கடையில் இவனைப் பார்த்து ஒன்றும் சொல்லவில்லை, அதுதான் தாங்கவில்லை என்கிறான்" என்றார். நான் தேநீரைக் குடித்து முடித்தேன், வேறென்ன செய்ய.

இதற்கு எந்தப் பயிற்சி மையத்தில் பாடம் இருக்கிறது, சொல்லுங்கள்? குறி பார்க்கச் சொல்லித்தரலாம், கூட்டத்தைக் கலைக்கச் சொல்லித்தரலாம். நடுராத்திரி கூப்பிட்டால் வருவான் என்று ஊர் நம்பினால்தான் அவன் போலீஸ். கூப்பிடும் நேரம் பார்த்து உள்ளே போய் உட்கார வேண்டும் என்பதே அவன் வேலையின் நிபந்தனையாக இருந்தால், நான்கு மாதமல்ல, நாற்பது வருடம் பயிற்சி கொடுங்கள், அதே கதைதான். இது டேட்டனுக்கே தெரியும். 2009ல் வாஷிங்டனில் பேசும்போது, நாடு உருவாக்குகிறோம் என்று சொல்லிக்கொண்டே உருவாக்காமல் இருந்தால் இரண்டு வருடம்தான் தாங்கும் என்ற பொருளில் அவரே சொன்னார். இரண்டு வருடம்!

துரோகி என்ற சொல்லை எவ்வளவு சுலபமாக எழுதிவிட்டீர்கள். ஓசூரில் உட்கார்ந்துகொண்டு அந்தப் பையனுக்குப் பட்டம் கொடுக்க உங்களுக்கும் உரிமை இல்லை, எனக்கும் இல்லை. அவர்களைத் தூக்கிப் பிடிக்கிறேன் என்று நினைக்காதீர்கள். 2021 ஜூனில் ஹெப்ரானில் நிஸார் பனாத் என்பவரை, பாலஸ்தீனத் தலைமையை வாய் ஓயாமல் விமர்சித்தவர், விடியற்காலையில் வீடு புகுந்து அடித்துத் தூக்கிப் போனது இதே பாதுகாப்புப் படைகள்தான். சில மணி நேரத்தில் இறந்துபோனார். வெளியிலிருந்து வருபவனிடம் காட்ட முடியாத கையை உள்ளூர்க்காரனிடம் காட்டுகிறான். 2024 டிசம்பரில் ஜெனின் அகதி முகாமுக்குள் தன் மக்களையே எதிர்த்து வாரக்கணக்கில் சண்டை போட்டார்கள். ஜனவரியில் இஸ்ரேல் ராணுவம் தானே உள்ளே வந்துவிட்டது. டெகார்ட் இருந்திருந்தால் ஆச்சரியப்பட்டிருக்க மாட்டார்.

நாப்லஸ்காரரிடம் போன வருடம் பேசினேன். பையனுக்கு இப்போது நாற்பதை நெருங்குகிறது. 2021 கடைசியிலிருந்தே அரசு ஊழியர் யாருக்கும் முழுச் சம்பளம் கிடையாது, நிர்வாகத்துக்காக வசூலிக்கும் வரிப்பணத்தை இஸ்ரேல் பிடித்து வைத்துக்கொள்கிறது. டியூட்டி முடிந்ததும் மைத்துனனின் வண்டியில் காய்கறி ஏற்றி விற்கிறானாம். ராத்திரி போன் இன்னும் வருகிறதா என்று கேட்டேன். "இப்போதெல்லாம் போன் போடுவதுகூட இல்லையாம்" என்றார்.

புத்தகம் கேட்டிருந்தீர்கள், இல்லையா. அடுத்த கடிதத்தில் ஞாபகப்படுத்துங்கள்.

அன்புடன்.