மானுமென்ட் வேலி குன்றுகள் மேலே செங்குத்தாகவும் அடியில் சரிவாகவும் இருப்பது ஏன்?

அமெரிக்காவின் அரிசோனா–யூட்டா மாநில எல்லையில், நவாஹோ பழங்குடி மக்களின் நிலத்தில் நிற்கும் இந்தத் தனிக்குன்றுகளை 'பியூட்' என்பார்கள். சில 300 மீட்டர் வரை உயர்ந்தவை. வடிவத்துக்குக் காரணம், ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்த பாறைகளின் உறுதி வேறுபாடு.

அடியில் ஆர்கன் ராக் களிப்பாறை. மென்மையானது, எளிதில் கரைந்து சரிவாகிவிடும். அதன்மேல் டி ஷே மணற்கல்: பெர்மியன் காலத்து (சுமார் 30–25 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய) மணல்மேடுகள் இறுகியது. கிட்டே போனால் பழைய மேடுகளின் சாய்வுக்கோடுகள் இன்றும் தெரியும், அவசியம் பாருங்கள். இந்த மணற்கல்லில் செங்குத்தான விரிசல்கள் உண்டு. அடிக்களிப்பாறை அரிக்கப்பட்டதும் பிடிமானம் போய், விரிசல் வழியே பாறை பலகை பலகையாகப் பெயர்ந்து விழுகிறது. அதனால்தான் சுவர் எப்போதும் நிமிர்ந்தே நிற்கிறது. உச்சியில் மோயன்கோப்பி என்ற பாறை அடுக்கும், சில குன்றுகளில் கடினமான ஷினாரம்ப் கூழாங்கல் பாறையும் மூடியாக இருக்கின்றன. மூடி போனால் குன்று வேகமாகத் தேயும்.

காற்றுதான் செதுக்கியது என்று பலர் நினைக்கிறார்கள். காற்றின் பங்கு சிறியதே. அபூர்வமாகக் கொட்டும் மழையும், விரிசலுக்குள் உறைந்து விரியும் நீருமே பெரும்பகுதி வேலையைச் செய்கின்றன. தரைமட்டமே 1,500 மீட்டருக்கு மேல் என்பதால் குளிர்காலத்தில் அங்கே பனி விழும்.

பாறையின் சிவப்பு நிறம் இரும்பு ஆக்சைடால் வந்தது. சுவரில் வழியும் கருங்கோடுகளில் மாங்கனீசு ஆக்சைடு இருக்கிறது.