மணலை எங்கே கொட்டினார்கள்?

கே: போர்க்கைதிகள் முகாம்களிலிருந்து தப்பித்தவர்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கத் தகவல் திரட்டுகிறேன். சுரங்கம் தோண்டிய கதையைத்தான் எல்லாரும் எடுத்துவிட்டார்களே, எனக்கு என்ன மிச்சம்?

ப: மணல் மிச்சம் இருக்கிறது! விளையாட்டாகச் சொல்லவில்லை. 1944 மார்ச் 24 இரவு 'ஸ்டாலாக் லுஃப்ட் 3' முகாமிலிருந்து (இடம் சாகன், அன்று ஜெர்மனி, இன்று போலந்து) நேச நாட்டு விமானப்படைக் கைதிகள் 76 பேர் 'ஹாரி' என்ற சுரங்கம் வழியாக வெளியேறினார்கள் என்பது ஊரறிந்த கதை. ஆனால் அங்கே மேல்மண் சாம்பல் நிறம், உள்ளே இருந்ததோ பளிச்சென்ற மஞ்சள் மணல். ஒரு கைப்பிடி வெளியே சிந்தினாலும் காவலன் கண்டுபிடித்துவிடுவான். அதனால் பேன்ட்டுக்குள் நீளமான பைகளைத் தொங்கவிட்டு, மைதானத்தில் நடக்கும்போதே கயிற்றை இழுத்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொட்டிக் காலால் கலந்துவிட்டார்கள். அந்த நடையைப் பார்த்து அவர்களுக்குப் 'பென்குயின்' என்று பெயரே வந்துவிட்டது. கட்டில் பலகைதான் சுரங்கச் சுவருக்கு முட்டு, காலிப் பால்பவுடர் டின்தான் காற்றுக் குழாய். இத்தனை கணக்குப் போட்டும் சுரங்கவாய் மரக்கூட்டத்துக்குச் சற்று முன்னாலேயே, வெட்டவெளியில் திறந்துகொண்டது, பாருங்கள்! உங்கள் கேமராவுக்கு இதெல்லாம் போதாதா?

கே: முடிவு சோகமாக இருக்கிறதே, பலரைப் பிடித்துக் கொன்றுவிட்டார்களே. ஜெயித்தவர்களை மட்டும் காட்டினால் என்ன?

ப: காட்டலாம். அதே முகாமில் 1943 அக்டோபரில், உடற்பயிற்சிக்கான மரக்குதிரைக்குள் ஒளிந்துகொண்டு தோண்டிய மூன்று பேரும் நடுநிலை நாடான ஸ்வீடன் போய்ச் சேர்ந்தார்கள். ஆனால் மார்ச்சில் போன 76 பேரில் தப்பியது 3 பேர்தான், பிடிபட்ட 73 பேரில் 50 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். 1929 ஜெனீவா ஒப்பந்தப்படி, தப்பியோடிப் பிடிபட்ட கைதிக்கு அதிகபட்சம் 30 நாள் தண்டனைதான். கொல்வதற்கு எந்த உரிமையும் கிடையாது. இதை விட்டுவிட்டால் படம் வெறும் சாகசக் கதை ஆகிவிடும், அதற்கு சினிமாவே போதுமே.

கே: ஓடியவர்கள் எல்லாம் வெள்ளைக்கார அதிகாரிகள்தானா?

ப: படம் எடுத்தவர்கள் அப்படி நினைக்க வைத்துவிட்டார்கள். பிரான்ஸில் எபினால் என்ற ஊரில் ஜெர்மானியர்கள் இந்தியச் சிப்பாய்களை அடைத்துவைத்திருந்த முகாம் மீது 1944 மே மாதம் அமெரிக்க விமானங்கள் குண்டு போட்டன. செத்தவர்கள் போக, உடைந்த சுவர் வழியாக வெளியேறி, வழியில் பிரெஞ்சுக் கிராமத்தார் கொடுத்ததைச் சாப்பிட்டுக்கொண்டு சுமார் 500 பேர் ஸ்விட்சர்லாந்து போய்ச் சேர்ந்தார்கள். நானாக இருந்தால் இங்கிருந்துதான் படத்தை ஆரம்பிப்பேன்.

அப்புறம் 1972 ஆகஸ்ட். 1971 போரில் பிடிபட்ட திலீப் பரூல்கரும் இன்னும் இரண்டு இந்திய விமானப்படை அதிகாரிகளும் ராவல்பிண்டி முகாமின் சுவரைத் துளைத்து வெளியேறி, ஆப்கன் எல்லைக்குச் சில மைல் தூரம் வரை போய்விட்டார்கள். அங்கே லண்டி கானாவுக்கு வழி கேட்டதில் மாட்டிக்கொண்டார்கள். அந்த ரயில் நிலையத்தை 1932லேயே மூடிவிட்டார்கள். இவர்கள் பார்த்த வரைபடத்தில் மட்டும் அது இன்னும் இருந்தது.