அரண்மனைகள் இருக்கட்டும், ஒரு அறையை வரையுங்கள்

கேள்வி: ஆர்க்கிடெக்சர் முடித்துவிட்டு ஒரு அலுவலகத்தில் வேலை பார்க்கிறேன். சினிமாவில் புரொடக்‌ஷன் டிசைனர் ஆக ஆசை. அரண்மனை, கற்பனை நகரம் என்று நிறைய வரைந்து வைத்திருக்கிறேன். இது போதுமா? கலை இயக்குநருக்கும் இவருக்கும் என்ன வித்தியாசம்?

பதில்: இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடலாம். படம் மொத்தமும் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்று இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து முடிவு செய்பவர் புரொடக்‌ஷன் டிசைனர். அதற்குப் பிளான் போட்டு, ஆள் பிடித்து, செலவைக் கட்டுப்படுத்திக் கட்டி முடிப்பவர் கலை இயக்குநர். சின்னப் படங்களில் இரண்டும் ஒருவரே. 1939-ல் வந்த 'கான் வித் தி விண்ட்' என்ற ஹாலிவுட் படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சீஸுக்குத்தான் 'புரொடக்‌ஷன் டிசைனர்' என்ற பதவிப் பெயரைக் கொடுத்தார்கள். அதில் நகரம் எரியும் காட்சிக்கு ஸ்டுடியோவில் நின்றிருந்த பழைய செட்களைக் கொளுத்தினார்கள். காட்சியும் கிடைத்தது, புது செட் போட இடமும் கிடைத்தது.

சரி, உங்கள் விஷயம். அளவெடுத்துப் பிளான் போடத் தெரிந்தவருக்குக் கலைத்துறையில் எப்போதும் வேலை உண்டு. ஆனால் அரண்மனைகளைக் கொஞ்சம் ஓரமாக வையுங்கள். 'மனைவியை இழந்த ஆசிரியரின் அறை' என்று திரைக்கதையில் ஒரே ஒரு வரி இருக்கும். மிச்சத்தை நீங்கள்தான் யோசிக்க வேண்டும். இரண்டு நாற்காலியில் ஒன்றின் கைப்பிடி மட்டும் தேய்ந்திருக்கும். இன்னொன்றில் பேப்பர் குவிந்து கிடக்கும். ஸ்விட்ச் போர்டைச் சுற்றி, கை படுகிற இடத்தில் மட்டும் அழுக்கு. படம் மாட்டியிருந்த இடத்தில் சுவரின் பழைய நிறம் சதுரமாகத் தெரியும். புதுச் சுவரைப் பழசாக்க நல்ல பெயின்டர்கள் இருக்கிறார்கள். எங்கே பழசாக வேண்டும் என்று சொல்ல வேண்டியவர் நீங்கள். சுவர் முழுக்க ஒரே சீராகப் பழுப்படித்து விடுகிறார்களே, அந்தப் பொய் திரையில் அப்பட்டமாகத் தெரியும். பார்க்கவே வருத்தமாக இருக்கும்.

அப்புறம், கட்டடம் போல யோசிக்கும் பழக்கத்தைக் கொஞ்சம் மாற்றிக்கொள்ள வேண்டும். செட்டில் சுவர் கழற்றி மாட்டும்படி இருக்க வேண்டும், கேமரா பின்னால் போக இடம் வேண்டுமே! ஜன்னலை எந்தப் பக்கம் வைக்கிறீர்களோ, அதை வைத்துத்தான் ஒளிப்பதிவாளர் வெளிச்சம் அமைப்பார். லென்ஸுக்குள் வராத மூலையில் காசைக் கொட்டக் கூடாது.

பிடித்த சிறுகதை ஒன்றை எடுத்து, காட்சிவாரியாக இடம், நேரம், பொருள் என்று பிரித்து எழுதுங்கள். அதில் ஒரே ஒரு அறைக்குப் பிளான், நிறங்கள், பொருள் பட்டியல், 1:50 அளவில் ஒரு அட்டை மாடல் செய்யுங்கள். உதவியாளர் வேலை கேட்டுப் போகும்போது அதைக் காட்டுங்கள். இருக்கிற வேலையை இப்போதே விட வேண்டாம். முதலில் விடுப்பு எடுத்துக்கொண்டு ஒரு குறும்படத்தின் கலைக்குழுவில் வேலை செய்யுங்கள். விடிந்தால் ஷூட்டிங் என்று ராத்திரி முழுக்கப் பெயின்ட் அடிக்கிற வாழ்க்கை உங்களுக்கு ஒத்துவருமா என்று அங்கேயே தெரிந்துவிடும்.